சமையலறையில் ஓர் ஏடு

கூட்டுக் குடும்பத்தின் பெருமையைப் போற்றுவோர் பலர். அதன் அடுப்படியில் நின்றவரின் உள்ளத்தை அறிந்தோர் சிலரே. அந்த உள்ளத்தைத் தம் கையாலேயே எழுதிவைத்தவர் ராஸசுந்தரி தேவி. ‘ஆமார் ஜீபன்’ (எனது வாழ்க்கை) என்னும் அவரது நூல், வங்க மொழியில் ஒரு பெண் எழுதிய முதல் தன்வரலாறாகும்.

1810-ஆம் ஆண்டையொட்டி, இன்று வங்கதேசத்தில் உள்ள பப்னா பகுதியின் பொதாஜியா கிராமத்தில் அவர் பிறந்தார். இளமையிலேயே தந்தையை இழந்த அவர், எதற்கும் அஞ்சி அழும் குழந்தையாக இருந்தார். அச்சம் எழும்போதெல்லாம் குலதெய்வமான தயாமாதவரை அழைக்கும்படி தாய் கற்பித்தார். அந்த ஓர் உபதேசமே வாழ்நாள் முழுவதும் அவருக்குத் துணையாயிற்று. வீட்டின் வெளிக்கட்டில் சிறுவர்களுக்குப் பள்ளி நடந்தது. ஓரமாக அமர்ந்திருந்த சிறுமியின் காதில் எழுத்துகளின் ஒலி விழுந்தது. அதை யாரும் கவனிக்கவில்லை.

பன்னிரண்டாம் வயதில் அவருக்குத் திருமணம் நடந்தது. ராம்தியா கிராமத்தில் செல்வாக்குள்ள குடும்பத்தில் புகுந்தார். மாமியார் அவரை மகளைப்போலவே நடத்தினார். சில ஆண்டுகளில் மாமியார் பார்வையை இழக்கவே, வீட்டுப் பொறுப்பு முழுவதும் இளம் மருமகளின் தோளில் இறங்கியது. வெளிவேலைக்குப் பணியாட்கள் பலர் இருந்தனர். உள்வேலைக்கோ அவர் ஒருவரே. நாள்தோறும் இருவேளையும் ஏறத்தாழ இருபத்தைந்து பேருக்குச் சமைத்தார். பதினெட்டு வயதிலிருந்து நாற்பத்தொன்றுக்குள் பன்னிரண்டு குழந்தைகளைப் பெற்றார். அவர்களுள் பலரைத் தம் கண்முன்னே பறிகொடுத்தார்.

ஒருநாள் உண்ண அமர்ந்த நேரத்தில் விருந்தாளி ஒருவர் வந்தார். தமக்கென வைத்திருந்த சோற்றை அவருக்கு அளித்தார். இரவில் புயற்காற்றில் விளக்கு அணைந்தது; குழந்தை அழுதது. மறுநாளும் ஏதேதோ தடைகள். இரண்டு நாட்கள் அவர் உண்ணவில்லை என்பது அந்தப் பெரிய வீட்டில் ஒருவருக்கும் தெரியாது. அவரும் சொல்லவில்லை.

நாணம் அன்றைய மருமகளுக்கு இரண்டாவது ஆடை. கணவரின் குதிரைமீது மகனை ஏற்றி, வந்து பார்க்கும்படி அழைத்தபோது, கணவருக்குரிய குதிரையின் எதிரே எப்படி நிற்பது என்று அவர் தயங்கினார். இதை முதுமையில் நினைத்து நகைத்தார். ஆனால் நகைக்க முடியாத ஒன்றும் உண்டு: தாயின் இறுதிக் காலத்தில் அவரைச் சென்று காண முடியவில்லை. மகனாகப் பிறந்திருந்தால் பறந்தோடிச் சென்றிருப்பேனே என்ற ஏக்கம் இறுதிவரை ஆறவில்லை.

பெண் படித்தால் குடும்பம் கெடும் என்று நம்பிய காலம் அது. ஆயினும் இறைவனின் புகழைத் தாமே படிக்கவேண்டும் என்ற வேட்கை அவருள் வளர்ந்தது. இருபத்தைந்து வயதளவில், சைதன்ய பாகவதத்தைத் தாம் படிப்பதாகக் கனவு கண்டார். அன்றே அவர் சமைத்துக்கொண்டிருந்த இடத்தருகே கணவர் அந்த நூலை வைத்துச் சென்றார். அதிலிருந்து ஓர் ஏட்டை அவர் எடுத்து ஒளித்துவைத்தார். மகன் எழுதிப் பழகிய பனையோலை ஒன்றையும் எடுத்துக்கொண்டார். சமைக்கும்போது முக்காட்டின் மறைவில் இரண்டையும் ஒப்பிட்டு, சிறுவயதில் கேட்ட ஒலிகளோடு பொருத்தினார். எழுத்து எழுத்தாகக் கற்றார்.

விதவைகளாகிப் பிறந்தகம் திரும்பியிருந்த நாத்தனார்களிடம் மறைக்க நேருமோ என அவர் அஞ்சினார். ஆனால் செய்தி அறிந்த அவர்கள் மகிழ்ந்தனர். உடன் அமர்ந்து கேட்டனர். ஒருவரையொருவர் கண்காணிக்கும் இடமாக அவர் அஞ்சிய வீடு, சிறிது நேரமேனும் சத்சங்கமாயிற்று. எழுதக் கற்றது வெகுகாலத்திற்குப் பின்னர். வெளியூரில் படித்த மகன் தன் கடிதங்களுக்குத் தாயிடமிருந்து பதில் இல்லையே என்று குறைப்பட்டு, தாளும் பேனாவும் மையும் தந்தான்.

பின்னர் அவர் கணவரை இழந்தார். முதுமையில், எண்பத்தெட்டாம் வயதில்கூட, தம் நூலை விரிவுபடுத்தினார். ஜோதிரிந்திரநாத் தாகூர் அதற்கு முன்னுரை எழுதினார். 1899-இல் அவர் மறைந்தார்.

தமக்கு நேர்ந்ததைக் கூண்டுப்பறவையின் நிலை என்றே அவர் உணர்ந்தார். அதை இனிமையாக்கிச் சொல்லவில்லை. இறைவனின் அருளையும் மறுக்கவில்லை. தியாகம் என்று வீடு போற்றுவது, ஒருவர் மட்டும் சுமக்கும் பாரமாக இருத்தல் ஆகாது. நம் வீட்டில் இன்று உண்ணாமல் இருப்பவர் யார் என்று கேட்டறிவதும் இல்லறத்தாரின் வழிபாடே.