வழித்துணைவர் தாமஸ் குக்

ஊர் விட்டு ஊர் வந்து பிழைக்கும் நம்மனோர்க்கு வழித்துணையின் அருமையை எடுத்துரைக்க வேண்டுவதில்லை. மொழி அறியா ஊரில், பின்னிரவில், ஒரு பெட்டியும் ஒரு முகவரியும் கையிற்கொண்டு ஜபல்பூர் நிலையத்தில் வந்து இறங்கியவர்கள் நம்முள் பலர். பத்தாம் வகுப்போடு படிப்பை நிறுத்திவிட்டு இரயில்வே வேலைக்கென வந்த நானும் அவர்களுள் ஒருவன். அன்று நடைமேடையில் என் பெயரைத் தமிழில் கூப்பிட்ட சங்கத்துப் பெரியவரின் குரல் இன்றும் என் செவியில் நிற்கிறது. ஆண்டு மலருக்கு ஏதேனும் எழுதித் தருமாறு செயலாளர் பணித்தபோது, முன்பின் அறியாதார்க்கு அத்தகைய குரலாக வாழ்ந்த ஒருவரின் வரலாறே என் நினைவிற்கு வந்தது. அவர் தாமஸ் குக். பலர் அப்பெயரை ஒரு நிறுவனத்தின் பெயராகவே அறிவர். அப்பெயருடைய மனிதர் ஒருவர் வாழ்ந்தார் என்பதை நினைப்பவர் சிலரே.

அவர் 1808-ஆம் ஆண்டு நவம்பர் 22-ஆம் நாள் இங்கிலாந்தின் டெர்பிஷயர் மாவட்டத்தில் மெல்போர்ன் என்னும் சிற்றூரில் பிறந்தார். ஆஸ்திரேலியாவிலுள்ள பெருநகரம் வேறு. ஆயினும் உறவுண்டு, இச்சிற்றூரின் பெயரால் பட்டம் பெற்ற ஒரு பிரபுவின் பெயரே அந்நகருக்கு இடப்பட்டது. தாமஸ் சிறு குழந்தையாக இருக்கையிலேயே தந்தையார் மறைந்தார். தாயார் மறுமணம் செய்துகொண்டார். குடும்ப வறுமையால் பத்து வயதில் பள்ளியை விட்டுத் தோட்ட வேலைக்குச் சென்ற சிறுவன், பதினான்காம் வயதில் மாமன் ஒருவரிடம் மரவேலை பழகச் சேர்ந்தான். இருபது வயதில் பாப்டிஸ்ட் திருச்சபையின் கிராமப் போதகரானார். சிறிய சம்பளம், நீண்ட வழி. 1829-ஆம் ஆண்டில் மட்டும் அவர் சென்ற தொலைவு ஏறத்தாழ 2,700 மைல். அதில் 2,100 மைலுக்கு மேல் கால்நடை. பிற்காலத்தில் உலகையே அழைத்துச் சென்றவரின் முதல் பயிற்சி இதுவே எனலாம். களைத்த காலின் வருத்தத்தை அவர் புத்தகத்தில் படித்து அறியவில்லை.

1833-இல் மேரியன் என்னும் நங்கையை மணந்து, மார்க்கெட் ஹார்பரோ என்னும் ஊரில் மரவேலை செய்து வாழ்ந்தார். மதுவிலக்கு இயக்கத்தில் ஈடுபட்டார். ஏழைத் தொழிலாளியின் கூலி வாரந்தோறும் கள்ளுக்கடையில் கரைவதைக் கண்டு மனம் நொந்தவர் அவர். ஆனால் குடியாதே என்று சொல்லிவிட்டால் போதுமா? ஓய்வுநாளில் அவன் வேறெங்கே செல்வான்? இவ்வினாவிற்கு விடை 1841 ஜூன் 9-ஆம் நாள், லெஸ்டர் நகரில் மதுவிலக்குக் கூட்டமொன்றிற்காகச் சுமார் 15 மைல் நடந்து செல்கையில் அவர் உள்ளத்தில் தோன்றியது. அப்பகுதியில் அப்பொழுதுதான் இரயில் பாதை திறக்கப்பட்டிருந்தது. அவ்வண்டியையே இத்தொண்டிற்குப் பயன்படுத்தினால் என்ன?

லெஸ்டர் சென்றதும் இரயில்வே கம்பெனியின் செயலாளரைக் கண்டு பேசினார். 1841 ஜூலை 5-ஆம் நாள் ஏறத்தாழ 500 பேர் லெஸ்டரிலிருந்து சுமார் 11 மைல் தொலைவிலுள்ள லஃப்பரோவிற்குத் தனி வண்டியில் சென்று திரும்பினர். தலைக்கு ஒரு ஷில்லிங். கூரையில்லாத மூன்றாம் வகுப்புப் பெட்டிகள். வாத்திய இசை, பூங்காவில் தேநீர், விளையாட்டு, மதுவிலக்குச் சொற்பொழிவு எல்லாம் உண்டு. இன்று லஃப்பரோ செல்வதை ஒரு பயணமாக எவரும் கருதார். அன்று அவ்வண்டியில் அமர்ந்தவருள் பலருக்கு அதுவே முதல் இரயில் பயணம்.

ஓர் உண்மையை மறைத்தல் ஆகாது. உல்லாச வண்டியை முதலில் விட்டவர் குக் அல்லர். அவருக்கு முன்பே இங்கிலாந்தில் வேறு சங்கங்கள் அவ்வாறு வண்டி அமர்த்தியதுண்டு. வண்டியேற்றி அனுப்பிய அளவில் தம் கடமை முடிந்ததென அவர் இராமற்போனதே அவர் பெருமை. 1845-இல் லிவர்பூலுக்கும் வேல்ஸ் நாட்டிற்கும் பயணம் ஏற்பாடு செய்தபோது, தாமே முன்னதாகச் சென்று வழியையும் விடுதிகளையும் பார்த்து வந்தார். காணவேண்டிய இடங்களை விவரிக்கும் சிறு கையேடு ஒன்றை அச்சிட்டு ஒவ்வொருவர் கையிலும் கொடுத்தார். முதலில் தான் போவது, பின்பு பிறரை அழைத்துப் போவது என்னும் இம்முறையைப் பின்னாளிலும் அவர் கைக்கொண்டார்.

இடர் வாராமலில்லை. 1846-இல் சுமார் 350 பேரை ஸ்காட்லாந்திற்கு அழைத்துச் சென்றபோது வழியில் கிடைக்க வேண்டிய தேநீர் கிடைக்கவில்லை. கப்பலில் அறைகள் போதவில்லை. இரவெல்லாம் மழையில் நனைந்தவர் பலர். கிளாஸ்கோவில் வாத்தியங்கள் முழங்க வரவேற்பு நடந்தது என்றாலும், நனைந்தவர் கோபம் அவ்வளவில் தணிந்திராது என்பது, விசாரணை ஜன்னலுக்குப் பின்னே அமர்ந்து பழகிய என் துணிபு. அதே ஆண்டில் குக் கடன் சுமையால் நொடித்தும் போனார். வேறொருவராயின் மீண்டும் மரவேலைக்கே திரும்பியிருப்பர். அவரோ மறுபடியும் ஸ்காட்லாந்திற்கே மக்களை அழைத்துச் சென்றார். 1851-இல் லண்டன் மாநகரில் நடைபெற்ற பெரும் பொருட்காட்சிக்கு அவர் வழியாகச் சென்றவர் தொகை 1,50,000 என்பர். அவருள் பெரும்பாலோர் ஆலைத் தொழிலாளரும் கைவினைஞரும் ஆவர்.

1862-இல் ஸ்காட்லாந்து இரயில்வே கம்பெனிகள் அவருக்கு அளித்துவந்த சலுகைச் சீட்டுகளை நிறுத்திவிட்டன. பதினாறு ஆண்டு உழைப்பு ஒரு கடிதத்தில் சாய்ந்தது. அத்தீமையே நன்மையாயிற்று. அவர் பார்வை சுவிட்சர்லாந்தின் மேல் திரும்பியது.

இங்கே வாசகர் தம் மனக்கண்ணில் உள்ள சுவிட்சர்லாந்தைச் சற்றே ஒதுக்கிவைத்தல் வேண்டும். திரைப்படத்தில் காதலர் பாடியாடும் செல்வ நாடன்று அது. 1863-ஆம் ஆண்டின் சுவிட்சர்லாந்தில் மலைச் சிற்றூர்களில் வறுமை குடிகொண்டிருந்தது. பிழைப்புத் தேடிக் கடல் கடந்து சென்றோர் பலர். மலையேறும் செல்வக் கனவான்கள் சிலர் அந்நாட்டை அறிவர். ஓர் ஆசிரியைக்கோ, கடைச் சிப்பந்திக்கோ அது வெறும் வரைபடத்து நிறம். அந்நாட்டிற்கு 1863 ஜூன் 26-ஆம் நாள் லண்டனிலிருந்து குக்கின் முதற்குழு புறப்பட்டது. பாரிஸ் வரை நூற்றுக்கு மேற்பட்டோர் இருந்தனர். மலைகளை நாடித் தொடர்ந்தவர் அவருள் ஒரு பகுதியினரே. குக் இடைவழியில் விடைபெற்றுக்கொள்ள, ஏழெட்டுப் பேர் கொண்ட சிறு குழுவொன்று அவர் வகுத்த வழியில் தாமே மேற்சென்றது. அக்குழுவில் ஜெமிமா மொரல் என்னும் யார்க்ஷயர்ப் பெண்மணி இருந்தார். அவர் எழுதிய நாட்குறிப்பு நெடுங்காலம் காணாமற்போய், இரண்டாம் உலகப் போருக்குப் பின் ஒரு தகரப்பெட்டியில் கண்டெடுக்கப்பெற்று, 1963-இல் நூலாயிற்று. அதனால்தான் அப்பயணத்தை நாம் இவ்வளவு அறிகிறோம்.

அவர்கள் விடியுமுன் எழுவர். இரயில் செல்லுமிடத்தில் இரயில், ஏரியில் நீராவிப்படகு, பிறவிடத்தில் கோவேறு கழுதை, அதுவும் செல்லாவிடத்தில் கால்நடை. இன்று அங்கே மலையுச்சி வரை ஏறும் பல்சக்கர இரயில்கள் அப்பொழுது கிடையா. ரீகி மலையின் இரயில் பாதையே 1871-இல்தான் வந்தது. ஷாமொனியில் பனியாற்றின் மேல் நடந்தனர். கெம்மி என்னும் கணவாயில், செங்குத்தான பாறைச்சுவரைக் குடைந்து வெட்டிய ஒற்றையடிப் பாதையில், ஏறத்தாழ 7,600 அடி உயரத்திற்கு ஏறிக் கடந்தனர். பெண்டிர் கணுக்கால் மறையும் அகன்ற பாவாடைகளுடனேயே ஏறினர் என்பதை எண்ணிப் பாருங்கள். மாலையில் விடுதிச் சாளரத்தில் பனிமலை சிவக்கக் கண்டனர். ரீகி உச்சியில் கதிரவன் எழக் கண்டனர். ஏறத்தாழ மூன்று வாரங்களில், ஏறத்தாழ 20 பவுன் செலவில், முன்னர்ச் செல்வர் மட்டுமே கண்ட காட்சிகளை எளிய நடுத்தரக் குடும்பத்துப் பெண்கள் கண்டு மீண்டனர். தனித்துப் பயணம் செய்தல் பெண்ணுக்கு இழுக்கு என்று கருதிய காலத்தில், குக்கின் குழுவில் சேர்ந்து செல்வது எவரும் குறை கூறாத வழியாயிற்று.

குறை கூறுவோர் வேறிடத்திலிருந்து வந்தனர். தமக்கே உரியவை என்று எண்ணியிருந்த மலைகளிலும் மாடங்களிலும் சாமானியர் வந்து நிற்பதைக் கண்டு மேன்மக்கள் முகம் சுளித்தனர். 1864-இல் குக் இத்தாலிக்கும் வழி திறந்தபின், அந்நாட்டில் பிரிட்டிஷ் துணைத் தூதராயிருந்த சார்லஸ் லீவர் என்னும் நாவலாசிரியர், இங்கிலாந்து தன் குற்றவாளிகளை இவ்வகையில் இத்தாலிக்குக் கடத்துகிறது என்று எள்ளி எழுதினார். குக் அரசாங்கத்திடம் முறையிட்டும் பயனில்லை. பின்னர்த் தாமே அச்சிட்டு மறுப்பு வெளியிட்டார். மூன்றாம் வகுப்பிலிருந்து வந்தவனுக்கும் மலை ஒன்றே என்பது அவர் கட்சி.

1868-இல் விடுதிகளுக்கு முன்பணம் செலுத்திய கூப்பன் முறையைக் கொணர்ந்தார். அவ்வாண்டே துருக்கி, பாலஸ்தீனம், எகிப்து நாடுகளைத் தாம் சென்று பார்த்து வந்து, 1869-இல் ஒரு குழுவை அழைத்துச் சென்றார். நைல் நதியில் நீராவிக் கப்பல். பாலஸ்தீனத்தில் குதிரைகள், கூடாரங்கள், சமையற்காரர்கள். விவிலியத்தில் மட்டும் படித்த ஊர்களைக் கண்ணால் கண்டது அப்பழைய போதகருக்குப் பிறவிப் பயனாயிற்று.

1872 செப்டம்பர் 26-ஆம் நாள், 64-ஆம் பிறந்தநாள் நெருங்குகையில், சிறு குழுவொன்றுடன் லிவர்பூலில் கப்பலேறி உலகைச் சுற்றப் புறப்பட்டார். அமெரிக்கா, ஜப்பான், சீனம், சிங்கப்பூர், இலங்கை, இந்தியா எனச் சென்று 222 நாட்களில் முடிந்த பயணம் அது. ஜூல்ஸ் வெர்ன் எழுதிய, எண்பது நாட்களில் உலகைச் சுற்றும் கதை அவ்வாண்டின் இறுதியிலேதான் பத்திரிகையில் தொடராக வந்துகொண்டிருந்தது! இந்தியாவில் கல்கத்தாப் பக்கத்திலிருந்து பம்பாய்க்கு இரயிலில் சென்றார் குக். அக்காலத்தில் அவ்விரு நகரங்களையும் இணைத்த ஒரே பாதை ஜபல்பூர் வழியாகவே சென்றது. கிழக்கிந்திய இரயில்வேயும் கிரேட் இந்தியன் பெனின்சுலா இரயில்வேயும் 1870 மார்ச்சில் இவ்வூரிலேதான் கைகோத்தன. ஆகவே நாம் வாழும் இவ்வூரைக் கடந்தே அப்பெரியவர் சென்றார் என்பதில் எனக்கு ஒரு தனி மகிழ்ச்சி.

அப்பயணத்தின்போதே, 1873 மார்ச்சில், ஐரோப்பிய இரயில் கால அட்டவணையை அவர் நிறுவனம் வெளியிடத் தொடங்கியது. இரண்டாம் உலகப்போர் இடைவெளியைத் தவிர்த்து 2013 வரை அந்நிறுவனமே அதனை வெளியிட்டு வந்தது. பல நாட்டு வண்டிகளின் நேரத்தை ஒரு நூலில் அடக்குவது எத்தகைய உழைப்பென்பதை என் அலுவலகத் தோழர்கள் அறிவர்.

இனிச் சொல்வது துயரமானது. மகன் ஜான் மேசன் குக் திறமைசாலி, கண்டிப்பானவர். நிறுவனத்தை உலகெங்கும் கிளைவிடச் செய்தவர் அவரே. பம்பாயில் கிளை 1881-இல் திறந்தது. தந்தை தாமே குழுவோடு செல்ல விரும்பினார். திருப்பணிக்கும் ஏழைகளுக்கும் பணத்தை வழங்கினார். வணிகத்தில் வணிகமே இருத்தல் வேண்டும் என்றார் மகன். தந்தை நடத்திச் செல்லும் குழுக்களில் இலாபமில்லை என்பது அவர் கணக்கு. கணக்கில் பிழையில்லை. ஆயினும் தந்தையின் பக்கமே என் மனம் சாய்கிறது. சீட்டு விற்பது ஒன்று, கூடச் செல்வது ஒன்று. நாள்தோறும் சீட்டு விற்பவன் நான். அவ்வேறுபாடு எனக்குத் தெரியும். 1878-ஐ ஒட்டிப் பிணக்கு முற்றி, முதியவர் தாம் நிறுவிய தொழிலிலிருந்து விலகி லெஸ்டரில் ஒதுங்கினார்.

1880 நவம்பரில் மகள் ஆனி, புதிதாக அமைத்த வெந்நீர்க் கருவியின் நச்சுவாயுவால் குளியலறையில் உயிர்நீத்தாள். நான்காண்டு கழிந்து மனைவியாரும் மறைந்தார். இறுதிக் காலத்தில் கண்பார்வையும் அற்றுப்போயிற்று. எத்தனையோ பேருக்கு மலைகளையும் ஏரிகளையும் காட்டியவருக்கு வெளிச்சமும் இருளும் ஒன்றாயின. அந்நிலையிலும் 1888-இல், எண்பது வயதை நெருங்கியவராய், மீண்டும் ஒருமுறை பாலஸ்தீனம் சென்று வந்தார். 1891-இல் நிறுவனத்தின் பொன்விழா லண்டனில் பெரு விருந்துடன் நடந்தபோது அவர் அங்கில்லை. அக்காலத்தில் அவர் பிறந்த ஊரில் ஏழைகளுக்காகப் பதினான்கு சிறு வீடுகள் கட்டுவித்தார். 1892 ஜூலை 18-ஆம் நாள் லெஸ்டரில் மறைந்தார்.

அவர் பெயர் தாங்கிய பிரிட்டிஷ் நிறுவனம் பல கைகள் மாறி 2019 செப்டம்பர் 23-ஆம் நாள் வீழ்ந்தது. அன்று வெளிநாடுகளில் அதனை நம்பிச் சென்றிருந்த பிரிட்டிஷ் பயணிகள் சுமார் 1,50,000 பேர். அவர்களை அந்நாட்டு அரசாங்கம் விமானம் அமர்த்தித் திருப்பி அழைத்துவந்தது. 1851-ஆம் ஆண்டின் தொகையோடு இஃது ஒத்திருப்பதைக் கண்டபோது சிறிது நேரம் பேனாவைக் கீழே வைத்துவிட்டேன்.

லெஸ்டர் இரயில் நிலையத்தின் முன்புறத்தில் 1994-இல் அவருக்கு ஒரு சிலை எழுப்பினர். அந்நிலையத்திலிருந்து லஃப்பரோவிற்கு இன்றும் வண்டிகள் செல்கின்றன.