தாதாசாகேப் பால்கே

திருவண்ணாமலைப் பக்கத்துத் தெருக்கூத்தில் ஆடவர் பெண்வேடம் புனைவதை நாம் கண்டுள்ளோம். இந்திய மௌனப்படமும் அவ்வாறே தொடங்கிற்று. 1870-ஆம் ஆண்டு திரியம்பகத்திற் பிறந்த பால்கே, 1913-இல் அரிச்சந்திரன் கதையைப் படமாக்கினார். கற்பரசியாகிய அவன் மனைவி வேடம் பூணக் குலமகளிர் எவரும் இசைந்திலர், பொதுமகளிரும் பின்வாங்கினர். உணவுச்சாலைப் பணியாளர் சாளுங்கே என்பவரே அவ்வேடந் தரித்தார். அவ்வாண்டே பால்கேயின் அடுத்த படத்தில் துர்க்காபாய் காமத் பார்வதியாகவும், அவர்தம் இளம்புதல்வி கமலா மோகினியாகவும் நடிக்கத் துணிந்தனர். ஆடவரை மயக்கும் மோகினியாக வந்தவள் சூதறியாச் சிறுமியே. 1919-இல் தம் அருமை மகள் மந்தாகினியையே பால்கே பாலகண்ணனாக்கினார். ஊரார் இழிவென ஒதுக்கிய தொழிலில் தம் குழந்தையை முன்னிறுத்திய தந்தையின் உள்ளத்தை எண்ணிப் பார்ப்போமாக. 1944-இல் நாசிக்கில் அவர் மறைந்தார். நடிகையரை எளிதிற் பழிக்கும் நம் நாவினை அவர் வாழ்வு அடக்குவதாக.