வெண்புடவை உடுத்திய ஔவை

ஞானப்பழம் கிடைக்கவில்லை என்று கோபித்து மலையேறிய முருகனை ஔவைப் பாட்டி பாடியே சமாதானம் செய்வாரே, அந்தத் 'திருவிளையாடல்' காட்சியில் கண் கலங்காத தாய்மார்கள் உண்டா? அந்தக் கணீர்க் குரலுக்குச் சொந்தக்காரர் கே.பி.சுந்தராம்பாள்.

1908-ல் காவிரிக் கரையிலுள்ள கொடுமுடியில் பிறந்தவர். வறுமைதான் சிறு வயதிலேயே அவரை நாடக மேடையில் ஏற்றியது. உடன் நடித்த செங்கோட்டை கிட்டப்பாவை 1927-ல் மணந்தார். 'வள்ளி திருமணம்' என்றால் ஊரே திரளும். ஆனால், கிட்டப்பாவுக்கு ஏற்கெனவே ஒரு குடும்பம் உண்டு. பிணக்கு வந்தது, பிரிவும் வந்தது.

1933-ல் கிட்டப்பா காலமானபோது அவருக்கு வயது 27, இவருக்கு 25. நினைத்துப் பாருங்கள்! அன்று உடுத்திய வெள்ளைப் புடவையை அம்மையார் கடைசிவரை மாற்றவே இல்லை. இனி எந்த ஆணுடனும் ஜோடியாக நடிப்பதில்லை என்றும் உறுதி பூண்டார்.

சினிமாக்காரர்கள் விடுவார்களா? 1935-ல் வந்த 'நந்தனார்' படத்தில் நந்தனாராக, ஆண் வேடமே கட்டினார்! சம்பளம் ஒரு லட்சம் ரூபாய். அன்றைக்கு அது மலைக்க வைத்த தொகை. அதில் வேதியராக நடித்தவர், சங்கீத மேதை மகாராஜபுரம் விஸ்வநாதய்யர்.

பிறகு 'மணிமேகலை', 1953-ல் ஜெமினியின் 'ஔவையார்', 1964-ல் 'பூம்புகா'ரின் கவுந்தியடிகள்... எல்லாமே துறவியும் மூதாட்டியும்தான், கவனித்தீர்களா? மேலவை உறுப்பினர் பதவியும், 1970-ல் பத்மஸ்ரீயும் தேடி வந்தன.

1980-ல் அம்மையார் முருகனடி சேர்ந்தார்.