கொல்லிமலையில் சபை பிறந்த கதை: ஜெஸ்ஸி பிராண்ட் ஐயாவின் வாழ்க்கை



பைபிள் காலேஜில் நான் டிப்ளமோ படித்தபோது சபைச் சரித்திரம் என்று ஒரு பாடம் இருந்தது. எருசலேமில் மேல்வீட்டு அறையில் ஆரம்பித்த சபை அந்தியோகியாவுக்கு எப்படிப் போனது, ரோமாபுரிக்கு எப்படிப் போனது, முதல் 300 வருஷம் ராயர்களின் கையில் எப்படிப் பாடுபட்டது என்றெல்லாம் வருஷத்தோடு மனப்பாடம் பண்ணி எழுதி பாஸ் பண்ணினேன். ஆனால் நம்ம சேந்தமங்கலத்து மொட்டை மாடியில் நின்றால் கண்ணுக்கு எதிரே தெரிகிற கொல்லிமலையில் சபை எப்படிப் பிறந்தது என்று அன்றைக்கு யாராவது கேட்டிருந்தால் ஒரு வரிகூட எழுதியிருக்க மாட்டேன். பிற்பாடு தேடித் தேடிப் படித்தபோதுதான் ஒன்று விளங்கிற்று. அந்தியோகியாவில் நடந்ததும் கொல்லிமலையில் நடந்ததும் ஒரே கதைங்க. காலமும் ஊரும்தான் வேறே.

ஜெஸ்ஸி மான் பிராண்ட் 1885-ஆம் வருஷம் இங்கிலாந்தில் பிறந்தவர். லண்டனில் லிவிங்ஸ்டன் காலேஜ் என்று ஒன்று இருந்தது. மிஷனெரிகளாகப் போகிறவர்களுக்கு அங்கே ஒரு வருஷம் வைத்தியம் சொல்லிக்கொடுப்பார்கள். அங்கே பயிற்சி பெற்று, ஸ்டிரிக்ட் பாப்டிஸ்ட் மிஷனின் ஊழியராக 1907-இல் இந்தியா வந்தார். அப்போது அவருக்கு 22 வயது. டாக்டர் பட்டம் கிடையாது. பல் பிடுங்க, புண்ணுக்குக் கட்டுப்போட, காய்ச்சலுக்கு மருந்து கொடுக்கத் தெரியும். அவ்வளவுதான். மிஷன் அவரை அனுப்பின இடம், அந்நாட்களில் சேலம் ஜில்லாவில் இருந்த நம்ம சேந்தமங்கலம். இங்கேதான் தமிழ் பேசிப் பழகினார். இங்கேதான் மலேரியாவிலும் விழுந்தார்.

சேந்தமங்கலத்தில் இருக்கிறவனுக்குக் கிழக்கே பார்த்தால் மலை தெரியாமல் இருக்குமா? அவருக்கும் தெரிந்தது. இன்றைக்குக் காரவள்ளியில் பஸ் ஏறினால் 70 கொண்டை ஊசி வளைவைச் சுற்றி, வாந்தி எடுக்காமல் இருந்தால், மேலே போய் இறங்கிவிடலாம். அன்றைக்கு ரோடு கிடையாது. ஒற்றையடிப் பாதையில் ஏற வேண்டும், அல்லது டோலியில் தூக்கிக்கொண்டு போக வேண்டும். மலைக்காய்ச்சலுக்குப் பயந்து கீழ்நாட்டார் அங்கே ராத்திரி தங்கமாட்டார்கள். பேரே கொல்லி மலைதானே! மேலே நாடு நாடாகப் பிரிந்து வாழ்ந்த மலையாளி ஜனங்களுக்கு ஆஸ்பத்திரி என்றால் என்னவென்று தெரியாது. ஜெஸ்ஸி ஐயாவின் பாரம் அங்கே போய் உட்கார்ந்துகொண்டது.

1913-இல் அவருக்கும் எவலின் ஹாரிஸ் அம்மாளுக்கும் சேந்தமங்கலத்தில் விவாகம் நடந்தது. இந்த அம்மாள் லண்டனில் வசதியான வியாபாரி வீட்டுப் பெண். ஓவியம் படித்தவர். மாப்பிள்ளையைவிட ஆறு வயது மூத்தவர். பட்டும் சீமாட்டி வாழ்க்கையும் வேண்டாம் என்று சென்னைக்கு ஊழியத்துக்கு வந்தவரை, இவர் கொல்லிமலைக்குக் கூட்டிக்கொண்டு போனார். கல்யாணம் முடிந்ததும் கொட்டுகிற மழையில் மலையேறினார்கள். குடித்தனம் ஆரம்பித்த இடம் வாழவந்தி நாடு.

வீடு மரப்பலகையில் கட்டின வீடு. பலகைகளைக் கீழே தயார் பண்ணி, ஆட்கள் தலைச்சுமையாய் மேலே கொண்டுபோனார்கள். கறையான் ஏறாதபடிக்குத் தூண்களின்மேல் தகட்டைக் கவிழ்த்து வைத்து, அதன்மேல் வீட்டை நிறுத்தினார் ஐயா. இப்படிப்பட்ட வேலையில் அவருக்குப் பெரிய பிரியம். கறையான் புற்றை உடைத்து அதற்குள் இருக்கிற ராஜ்யத்தைத் தன் பிள்ளைகளுக்குக் காட்டிப் பாடம் நடத்துவாராம். 1914-இல் மூத்த மகன் பவுல் பிறந்தான். பின்பு கோனி என்கிற மகள்.

ஊழியம் எப்படி நடந்தது? காலையில் வீட்டு வாசலில் நோயாளிகள் வரிசை. சொத்தைப் பல்லைப் பிடுங்குவார். சீழ்க்கட்டியைக் கீறுவார். நரம்புச்சிலந்தி என்று ஒரு வியாதி. நம்ம பெரியவர்களுக்கு ஞாபகம் இருக்கும், இந்தியாவில் அது அடியோடு ஒழிந்துவிட்டதென்று 2000-இல்தான் அறிவித்தார்கள். அந்தப் புழு கால் தோலுக்கடியில் முழ நீளத்துக்கும் மேலே வளரும். வேகமாக இழுத்தால் அறுந்து உள்ளே சீழ் பிடிக்கும். ஒரு சின்னக் குச்சியில் நாளுக்குக் கொஞ்சமாய்ச் சுற்றிச் சுற்றி எடுக்கவேண்டும். அதை ஐயா பொறுமையாய்ச் செய்வார். அதோடு விடமாட்டார். ஜனங்கள் காலை நனைத்துக்கொண்டு இறங்கித் தண்ணீர் மொள்ளுகிற படிக்கிணறுதான் அந்த வியாதிக்கு மூலகாரணம் என்று கண்டுகொண்டு, கால் படாதபடி தண்ணீர் எடுக்கிற வழிகளைச் சொல்லிக்கொடுப்பார். பள்ளிக்கூடம் வைத்தார். தச்சுவேலை, பட்டுப்பூச்சி வளர்ப்பு, ஆரஞ்சுத் தோட்டம் என்று ஜனங்களின் வயிற்றுப்பாட்டுக்கும் வழி பார்த்தார். ஊர் ஊராய் நடந்து சுவிசேஷம் சொன்னார்.

பலன்? ஏறக்குறைய ஏழு வருஷம் அந்த மலையில் ஒரு ஆத்துமாகூட ஞானஸ்நானத்துக்கு வரவில்லை.

இந்த இடத்தில் நான் கொஞ்சம் நின்றுவிட்டேன், பிரியமானவர்களே. நாமெல்லாம் மூன்று நாள் எழுப்புதல் கூட்டம் போட்டு, கடைசி நாள் ராத்திரி எத்தனை கை உயர்ந்தது என்று எண்ணுகிறவர்கள். எண்ணிக்கை குறைந்தால் மைக் செட்டுக்காரரைக்கூடக் குறை சொல்லுவோம். (நானே சொல்லியிருக்கிறேன்.) ஏழு வருஷம் ஒருவரும் வராவிட்டால் நான் மலையை விட்டு இறங்கியிருப்பேன், சந்தேகமே இல்லை. மருந்தைக் கொடுத்து, அரிசியைக் கொடுத்து ஜனங்களை மதம் மாற்றினார்கள் என்று பேசுகிறவர்களும் உண்டு. மருந்துக்காக மனம் மாறுகிறதாய் இருந்தால் முதல் வருஷமே மலை முழுவதும் வந்திருக்க வேண்டுமே. ஜனங்கள் மருந்தை வாங்கிக்கொண்டார்கள், தங்கள் தெய்வத்தையும் தங்கள் கட்டுப்பாட்டையும் பிடித்துக்கொண்டார்கள். ஐயா அதற்காக ஒருவருக்கும் மருந்தை நிறுத்தவில்லை.

ஊரில் மரியாதையுள்ள ஒரு பூசாரி இருந்தார். இந்த வெள்ளைக்காரரின் பேச்சுக்கு யாரும் போகக்கூடாது என்பதில் அவர் உறுதியாய் நின்றார். இவரை மீறி வர ஒருவருக்கும் துணிவில்லை.

அப்போது 1918-19-இல் விஷக்காய்ச்சல் வந்தது. உலகம் முழுவதையும் உலுக்கின இன்புளுயன்சா. இந்தியாவில் மட்டும் கோடிக்கும் மேலே ஜனங்கள் மாண்டுபோனார்கள். கொல்லிமலைக்கும் ஏறி வந்தது. வீட்டில் ஒருவர் விழுந்தால் மற்றவர்கள் பயந்து காட்டுக்குள் ஓடினார்கள். தண்ணீர் கொடுக்க ஆளில்லாமல் கிடந்தார்கள். காய்ச்சலில் செத்தவர்கள் பாதி, பசியில் செத்தவர்கள் பாதி என்றே சொல்லலாம். ஜெஸ்ஸி ஐயாவும் எவலின் அம்மாளும் பெரிய பாத்திரத்தில் அரிசிக்கஞ்சி காய்ச்சி, வீடு வீடாய் எடுத்துக்கொண்டு போய் வாயில் ஊற்றினார்கள்.

அந்தப் பூசாரியும் விழுந்தார். அவருடைய சொந்த ஜனங்களே கிட்டே வரவில்லை. எதிர்த்து நின்ற அவருடைய வீட்டுக்கும் கஞ்சிப் பாத்திரம் போயிற்று. அவர் பிழைக்கவில்லை. ஆனால் சாகுமுன்னே தன் சிறு பெண் குழந்தையை இந்தத் தம்பதிகளின் கையில் ஒப்படைத்தார். தன் பிள்ளை இவர்களுடைய தேவனை வணங்கி வளரட்டும் என்பது அவருடைய கடைசி ஆசை. குழந்தைக்கு ரூத் என்று பேர் வைத்துத் தங்கள் பிள்ளையாய் வளர்த்தார்கள். பூசாரியே தன் பிள்ளையைக் கொடுத்துவிட்டார் என்கிற சேதி நாடு நாடாய்ப் பரவிற்று. அதற்குப் பிறகுதான் ஜனங்கள் ஒவ்வொருவராய் வர ஆரம்பித்தார்கள். கொல்லிமலையில் சபை பிறந்தது.

இனி சபைச் சரித்திரப் பாடத்துக்கு வருவோம். அந்தியோகியாவில் கிரேக்கருக்கு முதல் முதல் சுவிசேஷம் சொன்னவர்கள் யார்? அப்போஸ்தலர் 11-ஆம் அதிகாரத்தை எடுத்துப் பாருங்கள். சீப்புருதீவாரும் சிரேனே பட்டணத்தாரும் என்று மட்டும் இருக்கிறது, பேர் இல்லை. கல்லால் கட்டின கோயில் கிடையாது, வீடுகளில் கூடினார்கள். கி.பி. 250-ஐ ஒட்டின வருஷங்களில் ரோம ராஜ்யம் முழுவதும் ஒரு கொள்ளைநோய் பரவினது. அலெக்சந்திரியா பட்டணத்தில் ஜனங்கள் உயிரோடிருக்கிற நோயாளிகளையே தெருவில் தள்ளிவிட்டு ஓடினதையும், விசுவாசிகள் அவர்களைத் தொட்டுப் பணிவிடை செய்து, தாங்களும் அதே நோயில் மரித்ததையும் அங்கிருந்த கண்காணியாகிய தியோனீசியு எழுதிவைத்திருக்கிறார். கார்த்தேஜ் பட்டணத்திலோ அதற்குக் கொஞ்சம் முன்புதான் சபையைத் துன்பப்படுத்தியிருந்தார்கள். அங்கே கண்காணி சிப்பிரியான், துன்பப்படுத்தினவர்களின் வீட்டாருக்கும் சேர்த்தே பணிவிடை செய்யும்படி சபையாரை அனுப்பினார். ரோமர் வேண்டாமென்று வெளியே போட்ட குழந்தைகளை விசுவாசிகள் எடுத்து வளர்த்தார்கள். நூறு வருஷம் கழித்து, பழைய தெய்வ வழிபாட்டை மறுபடியும் நிலைநாட்டப் பார்த்த ஜூலியன் ராயனே, இந்தக் கலிலேயர் தங்கள் ஏழைகளோடு நம்முடைய ஏழைகளுக்கும் சாப்பாடு போடுகிறார்களே, நமக்கு வெட்கமாயிருக்கிறதே என்ற அர்த்தத்தில் தன் பூசாரிக்குக் கடிதம் எழுதினான். பரீட்சைக்காக இதையெல்லாம் எழுதினபோது எனக்கு ஒன்றும் உறைக்கவில்லை. வாழவந்தியின் கஞ்சிப் பாத்திரத்தைப் பற்றிப் படித்தபிறகு உறைத்தது.

ஒருநாள் மூன்று குஷ்டரோகிகள் மலையேறி வந்தார்கள். எல்லா நோயாளிகளையும் வெறுங்கையால் தொடுகிற ஐயா, அன்றைக்குக் கையுறை மாட்டிக்கொண்டார். பிள்ளைகளை உள்ளே போகச் சொன்னார். கிட்டே வரக்கூடாது என்று கண்டித்தார். புண்ணைக் கழுவி மருந்துவைத்து அனுப்பினார். அந்நாளில் அவ்வளவுதான் தெரியும். பயம் அவருக்கும் இருந்தது. அப்பா பயந்து அதுவரைக்கும் பார்த்திராத சிறுவன் பவுல் அதை மறக்கவே இல்லை. 1946-இல் வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரிக்கு வந்து சேர்ந்த டாக்டர் பால் பிராண்ட் அந்தப் பையன்தான். குஷ்டரோகத்தால் மடங்கிப்போன விரல்களை, தசைநாணை மாற்றித் தைத்து மறுபடியும் வேலை செய்யவைத்தவர். 2003-இல் நித்திரையடைந்தார்.

1923-இல் குடும்பம் விடுமுறைக்கு இங்கிலாந்து போயிற்று. திரும்பும்போது ஒன்பது வயதுப் பவுலையும் தங்கை கோனியையும் படிப்புக்காக அங்கேயே உறவினர் வீட்டில் விட்டுவிட்டு வந்தார்கள். இது சரியா தப்பா என்று என்னைக் கேட்டால், எனக்குப் பதில் சொல்லத் தைரியம் இல்லை. எனக்கும் பிள்ளைகள் இருக்கிறார்கள். அக்காலத்து மிஷனெரிகள் பலர் அப்படித்தான் செய்தார்கள். ஐயா வாராவாரம் மகனுக்குக் கடிதம் எழுதினார். மலையில் எந்த மரம் பூத்திருக்கிறது, எந்தப் பறவை கூடு கட்டியிருக்கிறது என்றெல்லாம் அதில் இருக்கும். அடுத்த விடுமுறை 1930-இல் வரவேண்டும்.

வரவில்லை. 1929 ஜூன் மாதம் கறுப்புநீர்க் காய்ச்சல் கண்டது. மலேரியா முற்றி ரத்தம் சிறுநீரில் போகிற வியாதி அது. 22 வருஷமாய்ச் சேந்தமங்கலத்திலும் மலையிலும் அவரைத் துரத்தின காய்ச்சல்தான். ஜூன் 15-ஆம் தேதி தமது 44-வது வயதில் கர்த்தருக்குள் மரித்தார். வாழவந்தியிலேயே அடக்கம் பண்ணினார்கள். லண்டனுக்குத் தந்தி போயிற்று. ஆனால் கடிதங்களோ கப்பலில் அல்லவா போகும்? அப்பா இறந்த சேதி வந்தபிறகும் அப்பாவின் கையெழுத்தில் கடிதங்கள் சில வாரம் வந்துகொண்டே இருந்தன. பவுலுக்கு 15 வயது நிரம்பவில்லை.

ஜெஸ்ஸி ஐயாவும் அம்மாளும் கொல்லிமலையோடு நிறுத்திக்கொள்ள நினைக்கவில்லை. பச்சைமலை, கல்வராயன் மலை என்று ஐந்து மலைத்தொடர்களுக்கும் சுவிசேஷம் போகவேண்டும் என்பது அவர்களுடைய தரிசனம். ஐயா முதல் மலையிலேயே விழுந்துவிட்டார். அம்மாளை மிஷன் பல வருஷம் கீழ்நாட்டு வேலையில் வைத்திருந்து, வயதானதும் ஓய்வு கொடுத்தது. எழுபது வயதை ஒட்டின அந்த அம்மாள், ஓய்வு பெற்றதும் சீமைக்குப் போகாமல், தன் சொந்தப் பொறுப்பில் மறுபடியும் மலையேறினார். மட்டக்குதிரையில் ஏறி ஊர் ஊராய்ப் போனார். விழுந்து எலும்பு முறிந்தது. மகன் டாக்டர் வந்து கெஞ்சியும் இறங்கவில்லை. கடைசி வருஷங்களில் இரண்டு மூங்கில் கழிகளை ஊன்றி நடந்தார். வீட்டில் முகம் பார்க்கிற கண்ணாடியே வைத்துக்கொள்ளவில்லை. ஐந்து மலைகளிலும் ஊழியம் நடந்தது.

1974 டிசம்பர் 18-இல், 95-வது வயதில், பிராண்ட் பாட்டி மரித்தார். பாட்டி சொல்லிவைத்திருந்தபடியே பெட்டி இல்லாமல், ஒரு சாதாரணப் பருத்தித் துணியில் சுற்றி, 45 வருஷத்துக்கு முன்னே ஐயாவை வைத்த இடத்துக்குப் பக்கத்தில், மலை ஜனங்கள் சுற்றிநிற்க அடக்கம் பண்ணினார்கள்.