கேட்கத் தெரிந்த நடிகர்

திருகோணமலை மாவட்டத்துக் கந்தளாயிலிருந்து இதனை எழுதுகின்றேன். கோயில் திருவிழா நாள்களில் ‘திருவிளையாடல்’ படத்தின் உரையாடலை ஒலிபெருக்கியில் கேட்டுப் பழகிய தலைமுறையைச் சேர்ந்தவன் நான். படத்தைக் காணாதவரும் ஏமநாத பாகவதரின் செருக்கைச் செவியால் அறிந்திருந்தனர். அப்பாகவதராக நடித்தவர் டி. எஸ். பாலையா. ஆயினும், அவர் நடிப்பின் உயர்ந்த பகுதி ஒலிபெருக்கிக்கு அகப்படாத ஒன்று என்பதே என் துணிபு.

இன்றைய தூத்துக்குடி மாவட்டத்துச் சுண்டங்கோட்டையில் 1914ஆம் ஆண்டு ஆகஸ்ட் 23ஆம் நாள் பாலையா பிறந்தார். இளமையிலேயே நாடக மேடை அவரை ஈர்த்துக்கொண்டது. அக்காலத்து நாடகக் கம்பெனிகள் கடுமையான பள்ளிக்கூடங்கள். ராஜபார்ட், ஸ்திரீபார்ட், கள்ளபார்ட், பபூன் எனப் பாத்திரங்கள் வகுக்கப்பட்டிருந்தன. தன் பாடத்தோடு பிறர் பாடத்தையும் மனத்தில் கொண்டாலன்றி அங்கே ஒருவன் நிலைத்தல் அரிது. எந்த வேடத்தையும் தயங்காது ஏற்கும் ஆற்றல் மேடையில் வளர்ந்த அந்தத் தலைமுறைக்கே உரிய செல்வம்.

1936இல் எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய ‘சதி லீலாவதி’ வெளிவந்தது. எம்.ஜி.ஆர் திரையில் தோன்றிய முதற்படமும் அதுவே. கதாநாயகனைக் குடிக்கு இழுத்துச் செல்லும் தீயவனாகப் பாலையா அதில் அறிமுகமானார். அந்நாயகன் தப்பியோடி இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் கூலியாக உழைப்பதாகக் கதை செல்வதால், நம் நாட்டு வாசகர்க்கு அப்படத்தோடு ஓர் உறவும் உண்டு. அடுத்த ஆண்டு ‘அம்பிகாபதி’யில் தியாகராஜ பாகவதரை எதிர்க்கும் தளபதி உருத்திரசேனனாக வந்தார்.

வில்லன் என்ற பெயர் ஒட்டிக்கொண்ட நடிகர் அதிலிருந்து மீள்வது எளிதன்று. பாலையாவோ 1949இல் ‘வேலைக்காரி’யில் கதாநாயகனுக்கு அறிவு புகட்டும் நண்பன் மணி ஆனார். 1954இல் ‘தூக்குத் தூக்கி’யில் வடநாட்டுச் சேட்டாக உருமாறினார். 1959இல் ‘பாகப்பிரிவினை’யில் பிளவுபடும் குடும்பத்தின் தமையனாக நின்றார். வேடந்தோறும் நடையும் குரலும் வேறுபட்டன.

இனி, நான் தொடக்கத்திற் சொன்னதற்கு வருகின்றேன். 1964இல் ஸ்ரீதர் அளித்த ‘காதலிக்க நேரமில்லை’யில் மகன் செல்லப்பா தான் எடுக்கவிருக்கும் பேய்ப்படத்தின் கதையைத் தந்தைக்குச் சொல்லுகின்றான். கதை சொல்பவர் நாகேஷ்; கேட்பவர் பாலையா. ஆவல், ஐயம், அச்சம், நடுக்கம் என்று அம்முகம் படிப்படியாக மாறுவதைக் காண்கின்றோம். நாகேஷின் சொல்லுக்கு உயிர் தந்தது அந்தச் செவியே எனலாம். அதனைக் கண்ணால் கண்டாலன்றி உணர இயலாது.

மறு ஆண்டு வந்த ‘திருவிளையாடல்’ இதற்கு மற்றொரு சான்று. பாண்டியன் அவையில் பாகவதர் பாடும் பாட்டின் குரல் பாலமுரளிகிருஷ்ணாவினுடையது, செருக்கு பாலையாவினுடையது. பின்னர், விறகு விற்பவனாய் வந்த இறைவனின் இசை இரவில் காதில் விழுகின்றது. இறுமாந்திருந்த உடல் தளர்கிறது. தோல்வியை உணர்ந்து ஊரைவிட்டு அகல்கிறார் பாகவதர். 1968இல் ‘தில்லானா மோகனாம்பாள்’ படத்தில் அவர் தவில் வித்துவான் முத்துராக்கு. நாகசுரக்காரரின் ஓட்டத்தை உற்றுக் கேட்டு உடன்செல்வதே தவிற்காரரின் தொழில். மூன்று படங்களிலும் அவர் செய்தது ஒன்றே: எதிரிலிருப்பவருக்கு முழுமையாகச் செவி கொடுத்தார்.

1972ஆம் ஆண்டு ஜூலை 22ஆம் நாள், ஐம்பத்தேழாம் வயதில் பாலையா மறைந்தார். பள்ளி நாடகம் பழக்கும் ஆசிரிய நண்பர்களுக்கு ஒரு விண்ணப்பம். நம் மாணவர் தம் வசனத்தை நெட்டுருச் செய்கின்றனர். அது முடிந்ததும் மேடையில் மரம்போல் நிற்கின்றனர். நீண்ட வசனம் கிடைக்காத பிள்ளை முகம் வாடுகின்றது. அப்பிள்ளையை அழைத்து, பாலையா கதை கேட்கும் அந்தக் காட்சியைப் போட்டுக் காட்டுங்கள். பேசாத நேரத்திலும் தனக்கு மேடையில் வேலை உண்டென்று அது அறிந்துகொள்ளும்.