ஹாக்கி மன்னர் தியான்சந்த்

சிப்பாயாகச் சேர்ந்தவர், மூன்று முறை உலகத்தை வென்றவர், முடிவில் ஆசிரியரானவர்

ஒரு நாட்டின் பெயரை உலகம் அறியச் செய்தவர்கள் பல விதம். படை எடுத்து வென்றவர்கள் உண்டு. பாட்டுப் பாடிப் புகழ் சேர்த்தவர்கள் உண்டு. இந்தியா அடிமைப்பட்டுக் கிடந்த காலத்தில், வெள்ளைக்காரர்களின் சொந்த மண்ணிலேயே அதன் பெயரை ஓங்கச் செய்தது ஒரு வளைந்த மட்டை. அந்த மட்டையைப் பிடித்திருந்த கை தியான்சந்தின் கை!

தியான்சந்த் செல்வர் வீட்டுப் பிள்ளை அல்ல. பெரிய படிப்பும் படித்தவர் அல்ல. 6-ம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்கு முழுக்குப் போட்டவர். அப்படிப்பட்டவர் எப்படி உலகம் மெச்சும் வீரர் ஆனார்? ஆட்டத்தை நிறுத்திய பிறகு என்ன செய்தார்? அதுதான் அவருடைய வாழ்க்கைக் கதை.

பட்டாளத்துக் குடும்பம்

1905-ம் ஆண்டு ஆகஸ்டு 29-ந் தேதி அலகாபாத் நகரில் தியான்சந்த் பிறந்தார். பெற்றோர் வைத்த பெயர் தியான் சிங். தந்தை பிரிட்டிஷ் இந்திய ராணுவத்தில் வேலை பார்த்தார். அவரும் ஹாக்கி ஆடுவார்.

பட்டாளத்துக்குப் பிள்ளைகளை அனுப்பிய குடும்பங்கள் குமரி மாவட்டத்தில் நிறைய உண்டு. பட்டாளத்துக்காரர் வீட்டு வாழ்க்கை எப்படி இருக்கும் என்பது அவர்களுக்குத் தெரியும். அடிக்கடி மாற்றல் வரும். மூட்டை முடிச்சுடன் ஊர் ஊராகப் போக வேண்டும். தியான் சிங்கின் படிப்பு பாதியில் நின்றதற்கு அதுவே காரணம். கடைசியில் குடும்பம் ஜான்சி நகரில் நிலையாகத் தங்கியது.

சிறு வயதில் அவருக்கு ஹாக்கியில் அவ்வளவு நாட்டம் கிடையாது. மல்யுத்தம்தான் பிடிக்கும். 1922-ம் ஆண்டு சிப்பாயாகப் பட்டாளத்தில் சேர்ந்தார். அங்கேதான் ஹாக்கி அவரைப் பிடித்துக்கொண்டது.

முதல் ஆசிரியர்

அந்தப் படையில் பாலே திவாரி என்ற சுபேதார் மேஜர் இருந்தார். ஹாக்கி என்றால் அவருக்கு உயிர். புதிதாக வந்த சிப்பாயின் கையில் மட்டையைக் கொடுத்து, ஆட்டத்தின் அரிச்சுவடியைக் கற்றுக் கொடுத்தவர் அவர்தான். பின்னாளில் உலகமே தியான்சந்தைப் புகழ்ந்தபோதும், இந்தச் சுபேதாரைத் தம் குருவாக அவர் மறக்கவில்லை.

பகலில் கவாத்தும் காவலும் சரியாக இருக்கும். ஆகவே வேலை முடிந்த பிறகு, நிலா வெளிச்சத்தில் தனியாகப் பந்தை உருட்டி உருட்டிப் பழகுவாராம் தியான் சிங். அதைக் கண்ட தோழர்கள் அவருக்குச் சந்த் என்று பெயர் வைத்ததாகச் சொல்வார்கள். சந்த் என்றால் சந்திரன். தியான் சிங் தியான்சந்த் ஆனது இப்படித்தான்.

மட்டையும் பந்தும்

ஹாக்கி மைதானம் 100 கெஜ நீளம், 60 கெஜ அகலம் கொண்டது. நாஞ்சில் நாட்டு வயல் கணக்கில் சொன்னால் ஏறக்குறைய ஒன்றேகால் ஏக்கர். ஒரு பக்கத்துக்கு 11 பேர். மட்டையின் ஒரு பக்கம் தட்டையாகவும், மறு பக்கம் உருண்டையாகவும் இருக்கும். தட்டையான பக்கத்தால்தான் பந்தைத் தொடலாம். கோல் கம்பத்துக்கு முன்னால் போட்டிருக்கும் அரைவட்டத்துக்குள் இருந்து அடித்தால்தான் கோல். அந்தக் காலத்தில் ஆட்டம் 70 நிமிஷம் நடக்கும்.

அறுவடை முடிந்த வயலில் தென்னை மட்டையைச் சீவிப் பந்து அடித்து விளையாடியவர்களுக்கு ஒன்று தெரியும். ஓங்கி அடிப்பது எளிது. ஓடிக்கொண்டே பந்தை மட்டையை விட்டு நழுவாமல் கொண்டுபோவதுதான் கஷ்டம். தியான்சந்துக்கு அதுதான் கைவந்த கலை. முன்வரிசையின் நடுவில் நின்று ஆடுவார். பந்து அவர் மட்டையோடு ஒட்டிக்கொண்டது போல் போகும்.

மட்டையில் பசை தடவியிருக்கிறார், உள்ளே காந்தம் வைத்திருக்கிறார் என்றெல்லாம் கதை கட்டினார்கள். கதைகள் இருக்கட்டும். அவர் போட்ட கோல்களின் கணக்கே போதும்.

அதைவிடப் பெரிய குணம் ஒன்று அவரிடம் இருந்தது. பந்து தம்மிடமே இருக்க வேண்டும் என்று அவர் நினைத்ததில்லை. தம்மைவிட நல்ல இடத்தில் ஒரு தோழர் நின்றால், மறுகணம் பந்து அவரிடம் போய்விடும்.

கப்பல் ஏறிய சிப்பாய்

1926-ம் ஆண்டு இந்திய ராணுவ ஹாக்கிக் கோஷ்டி நியூசிலாந்துக்குப் போயிற்று. தியான்சந்தும் போனார். 21 ஆட்டங்களில் 18 வெற்றி, 2 சமம், 1 தோல்வி. திரும்பி வந்ததும் சிப்பாய்க்கு லான்ஸ் நாயக் பதவி கிடைத்தது.

1928-ம் ஆண்டு ஹாலந்து நாட்டின் ஆம்ஸ்டர்டாம் நகரில் ஒலிம்பிக் பந்தயம் நடந்தது. ஒலிம்பிக் ஹாக்கியில் இந்தியா இறங்கியது அதுவே முதல் தடவை. பம்பாய்த் துறைமுகத்தில் கோஷ்டியை வழியனுப்ப வந்தவர்கள் மூன்றே பேர்!

அங்கே நடந்தது என்ன? ஆஸ்திரியா, பெல்ஜியம், டென்மார்க், சுவிட்சர்லாந்து எல்லாம் தோற்றன. கடைசி ஆட்டத்தில் ஹாலந்தும் 3-0 என்று தோற்றது. 5 ஆட்டங்களில் இந்தியா போட்ட கோல் 29. வாங்கிய கோல் ஒன்றுகூட இல்லை. அந்த 29-ல் 14 தியான்சந்த் போட்டவை. தங்கப் பதக்கத்துடன் கோஷ்டி பம்பாய் திரும்பியபோது, துறைமுகத்தில் பெரிய ஜனக்கூட்டம் திரண்டு நின்றது.

அண்ணனும் தம்பியும்

1932-ம் ஆண்டு அமெரிக்காவில் லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில் அடுத்த ஒலிம்பிக். இம்முறை தம்பி ரூப் சிங்கும் கோஷ்டியில் இருந்தார். போகும் வழியில் இலங்கையிலும் இறங்கி ஆடிவிட்டே போனார்கள்.

பண நெருக்கடியான காலம். லாஸ் ஏஞ்சல்சுக்கு வந்த ஹாக்கிக் கோஷ்டிகள் மூன்றுதான். ஜப்பானை 11-1 என்று இந்தியா வென்றது. அமெரிக்காவை 24-1 என்று வென்றது. இரண்டு ஆட்டங்களிலும் சேர்த்து 35 கோல். அதில் 25 கோல் அண்ணனும் தம்பியும் போட்டவை!

1935-ம் ஆண்டு மறுபடியும் நியூசிலாந்துப் பயணம். இப்போது தியான்சந்த் தலைவர். அந்தப் பயணத்தில் அவர் ஒருவர் மட்டும் போட்ட கோல் 201. அந்தக் கோஷ்டியில் ஒரு தமிழரும் இருந்தார். கிரிக்கெட்டிலும் ஹாக்கியிலும் பெயர் பெற்ற எம். ஜே. கோபாலன்தான் அவர். அடுத்த ஆண்டு கோபாலன் கிரிக்கெட் கோஷ்டியுடன் இங்கிலாந்து போனார். தியான்சந்த் ஜெர்மனிக்குப் போனார்.

பெர்லினில் வெற்றி

1936-ம் ஆண்டு பெர்லின் ஒலிம்பிக். ஜெர்மனியில் ஹிட்லர் ஆட்சி. இந்தியக் கோஷ்டிக்கு வந்து இறங்கியதுமே அதிர்ச்சி. பந்தயத்துக்கு முன் நடந்த பயிற்சி ஆட்டத்தில் ஜெர்மனி 4-1 என்று இந்தியாவைத் தோற்கடித்துவிட்டது. தலைவருக்குக் கவலை பிடித்துக்கொண்டது. உடனே இந்தியாவுக்குச் செய்தி போயிற்று. தாரா என்ற ஆட்டக்காரர் ஆகாய விமானத்தில் அனுப்பப்பட்டார்.

பந்தயம் தொடங்கியது. ஹங்கேரி, அமெரிக்கா, ஜப்பான், பிரான்சு என்று வரிசையாக வீழ்த்திவிட்டு இறுதி ஆட்டத்துக்கு இந்தியா வந்தது. எதிரில் அதே ஜெர்மனி.

மழை பெய்ததால் ஆட்டம் ஒரு நாள் தள்ளிப் போடப்பட்டது. ஆகஸ்டு 15-ந் தேதி நடந்தது. மைதானத்துக்குப் போகுமுன், கோஷ்டியுடன் வந்திருந்த பங்கஜ் குப்தா, காங்கிரஸ் மூவர்ணக் கொடியை எடுத்துக் காட்டினார். எல்லோரும் அதற்கு வணக்கம் செலுத்தினார்கள். பிரிட்டிஷ் இந்தியாவின் பெயரால் ஆட வந்தவர்கள் அவர்கள். ராணுவத்தில் இருந்தவர்களும் அவர்களில் உண்டு. ஆனாலும் அவர்கள் மனத்தில் இருந்த கொடி அதுதான்.

முதல் பாதியில் ஒரே ஒரு கோல்தான் விழுந்தது. ஈரத் தரையில் கால் வழுக்கியது. இரண்டாம் பாதியில் தியான்சந்த் முள் வைத்த பூட்சைக் கழற்றிவிட்டு இறங்கினார். கோலுக்கு மேல் கோல் விழத் தொடங்கியது. ஜெர்மன் கோல் காவலருடன் மோதியதில் அவருடைய பல் ஒன்று போயிற்று. சிகிச்சை செய்துகொண்டு மறுபடியும் வந்து ஆடினார். முடிவு 8-1. இந்தியாவுக்கு மூன்றாவது தங்கம்!

சரியாக 11 ஆண்டுகள் கழித்து, அதே ஆகஸ்டு 15-ந் தேதி இந்தியா சுதந்திரம் அடைந்தது.

ஆட்டக்காரர் ஆசிரியர் ஆனார்

பிறகு உலக யுத்தம் வந்தது. 1940-லும் 1944-லும் ஒலிம்பிக் நடக்கவே இல்லை. தியான்சந்தின் நல்ல வயது அதிலே போய்விட்டது. யுத்த காலத்தில் அவர் ராணுவ அதிகாரியாக உயர்ந்தார். சுதந்திரம் வந்த பிறகு, 42-வது வயதில் கிழக்கு ஆப்பிரிக்காவுக்கு ஒரு கோஷ்டியை நடத்திச் சென்றார். அதன் பிறகு பெரிய ஆட்டங்களிலிருந்து விலகிக்கொண்டார். 1952-ம் ஆண்டு அவருடைய சுயசரிதை வெளியாயிற்று. அதை வெளியிட்டது சென்னையிலிருந்து நடந்துவந்த விளையாட்டுப் பத்திரிகையான ஸ்போர்ட் அண்டு பாஸ்டைம்.

1956-ம் ஆண்டு மேஜராக ராணுவத்திலிருந்து ஓய்வு பெற்றார். அதே ஆண்டில் இந்திய அரசு அவருக்குப் பத்மபூஷண் விருது வழங்கியது.

கனடா போன்ற குளிர் நாடுகளில் ஐஸ் ஹாக்கி என்று ஓர் ஆட்டம் உண்டு. பனிக்கட்டித் தரையில் சறுக்கிக்கொண்டே ஆடுவார்கள். அங்கே ஆட்டமே ஒரு தொழில். ஆடும்போதும் சம்பளம். ஆடி ஓய்ந்து பயிற்சியாளர் ஆனாலும் சம்பளம். தியான்சந்த் காலத்து ஹாக்கியில் அப்படி ஒன்றும் கிடையாது. 34 ஆண்டுகள் அவருக்குச் சோறு போட்டது பட்டாளச் சம்பளம்தான். தங்கப் பதக்கத்தை விற்றுச் சாப்பிட முடியுமா?

ஓய்வுக்குப் பிறகு அவர் பயிற்சி கொடுக்கத் தொடங்கினார். ராஜஸ்தானில் மவுண்ட் அபு மலையில் முகாம்களில் கற்றுக் கொடுத்தார். 1961-ம் ஆண்டு பாட்டியாலாவில் பழைய மோதிபாக் அரண்மனையில் தேசிய விளையாட்டுப் பயிற்சி நிலையம் ஏற்பட்டது. அதன் தலைமை ஹாக்கிப் பயிற்சியாளராகப் பல ஆண்டுகள் பணியாற்றினார்.

அந்த நிலையம் ஆசிரியர்களையே உருவாக்கும் இடம். அங்கே படித்து வெளியே வருகிறவர்கள் மாநிலம் மாநிலமாகப் போய் மற்றவர்களுக்குச் சொல்லிக் கொடுப்பார்கள். ஒரு விளக்கிலிருந்து பல விளக்குகள் ஏற்றுவது போல! பாலே திவாரி ஒரு சிப்பாய்க்குக் கொடுத்த வித்தை இப்படிப் பல கைகளுக்குப் போய்ச் சேர்ந்தது.

பிறவித் திறமையைச் சொல்லிக் கொடுக்க யாராலும் முடியாது. பழக்கத்தைச் சொல்லிக் கொடுக்கலாம். பந்தைத் தோழனிடம் கொடுக்கும் மனத்தை வளர்க்கலாம். நிலா வெளிச்சத்தில் பழகியவருக்கு அது நன்றாகத் தெரிந்திருந்தது.

கடைசி நாட்கள்

முதுமையில் தியான்சந்த் ஜான்சியில் வசித்தார். கையில் பணம் அதிகம் இல்லை. பேர் சொல்ல ஒரு மகன் இருந்தார். அசோக் குமார் என்ற அந்த மகனும் ஹாக்கி வீரர். 1975-ம் ஆண்டு கோலாலம்பூரில் உலகக் கோப்பை இறுதி ஆட்டம். பாகிஸ்தானை இந்தியா 2-1 என்று வென்றது. வெற்றிக் கோலைப் போட்டவர் அசோக் குமார்! தந்தை உயிரோடு இருக்கும்போதே அந்தச் செய்தி வந்தது.

ஆனால் மறு ஆண்டே வேறு செய்தி வந்தது. மான்ட்ரீல் ஒலிம்பிக்கில் இந்தியாவுக்கு ஏழாவது இடம்தான். புல்தரை போய்ச் செயற்கைத் தரை வந்த முதல் ஒலிம்பிக் அது. ஒரு காலத்தில் ஒரு கோல்கூட வாங்காமல் உலகை வென்ற நாடு, பதக்கம் இல்லாமல் திரும்பியது.

தியான்சந்தின் ஈரலில் புற்றுநோய் கண்டது. டெல்லி அகில இந்திய மருத்துவ நிலையத்தில் சேர்த்தார்கள். நாட்டுக்கு மூன்று தங்கம் தேடித் தந்தவர் பொது வார்டில் படுத்துக் கிடந்தார். 1979-ம் ஆண்டு டிசம்பர் 3-ந் தேதி அவர் உயிர் பிரிந்தது. ஜான்சியில், மக்கள் கண்ணீர் விட, ராணுவ மரியாதையுடன் இறுதிச் சடங்கு நடந்தது.

எட்டு மாதங்கூட ஆகவில்லை. 1980-ம் ஆண்டு மாஸ்கோ ஒலிம்பிக்கில் இந்தியா மறுபடியும் ஹாக்கித் தங்கம் வென்றது. அந்தக் கோஷ்டியின் தலைவர் தமிழ்நாட்டைச் சேர்ந்த வாசுதேவன் பாஸ்கரன். அந்தச் செய்தியைக் கேட்கத் தியான்சந்த் இல்லை.

மறைவுக்குப் பின் மரியாதைகள் குவிந்தன. தபால் தலை வெளியிட்டார்கள். டெல்லியில் ஒரு விளையாட்டரங்கத்துக்கு அவர் பெயர் வைத்தார்கள். அவர் பிறந்த ஆகஸ்டு 29-ந் தேதி தேசிய விளையாட்டு நாளாகக் கொண்டாடப்படுகிறது. நாட்டின் மிக உயர்ந்த விளையாட்டு விருதான கேல் ரத்னா, 2021-ம் ஆண்டு முதல் மேஜர் தியான்சந்த் பெயரால் வழங்கப்படுகிறது.

இவ்வளவும் நல்லதே. ஆனால் மாலையும் சிலையும் செத்த பிறகு வந்து என்ன பயன்? ஆடும்போது கைதட்டுகிறோம். ஆடி ஓய்ந்து, மட்டையைக் கீழே வைத்துவிட்டு, அடுத்த வீட்டுப் பிள்ளைகளுக்குக் கற்றுக் கொடுக்கும் ஆட்டக்காரர்கள் ஊருக்கு ஊர் இருக்கிறார்கள். அவர்கள் உயிரோடு இருக்கும்போதே அவர்களைப் போற்ற வேண்டும். தியான்சந்துக்கு நாடு செலுத்த வேண்டிய கடன் அதுதான்!