இரண்டுக்கு ஒன்று சொன்ன வக்கீல்

நண்பர்களே, நம்ம கல்லூரியின் முதலாண்டு வேதியியல் தேர்வு ஞாபகம் இருக்கிறதா? 36 கிராம் தண்ணீரில் எத்தனை ஹைட்ரஜன் அணுக்கள் என்று ஒரு கேள்வி. 36-ஐ 18-ஆல் வகுத்து, 2 மோல் என்று கண்டுபிடித்து, அவகாட்ரோ எண்ணால் பெருக்கி, ஜம்மென்று எழுதிவிட்டு வந்தேன். மார்க் பூஜ்யம்! நான் எண்ணியது மூலக்கூறுகளை. ஒரு மூலக்கூறுக்கு இரண்டு ஹைட்ரஜன் அணுக்கள் என்பதைக் கோட்டை விட்டுவிட்டேன். எனக்கு அன்று போனது ஐந்து மார்க். அந்த இரண்டைக் கண்டுபிடித்துச் சொன்னவருக்கோ, உயிரோடு இருந்தவரை உரிய மதிப்பே கிடைக்கவில்லை.

அமேடியோ அவகாட்ரோ 1776 ஆகஸ்ட் 9 அன்று இத்தாலியின் டூரின் நகரில் பிறந்தார். சட்டம் படித்த குடும்பம். அவரும் இருபது வயதுக்குள் திருச்சபைச் சட்டத்தில் டாக்டர் பட்டம் வாங்கி வக்கீல் ஆனார். ஆனால் மனசு சட்டத்தில் ஒட்டவில்லை. 1800 வாக்கில் கணிதமும் இயற்பியலும் தானாகவே படிக்கத் தொடங்கினார். 1809-இல் வெர்செல்லி என்ற சின்ன ஊரின் கல்லூரியில் வாத்தியார் ஆனார்.

அப்போது வேதியியலில் ஒரு பெரிய சிக்கல். 9 கிராம் தண்ணீரைப் பிரித்தால் 1 கிராம் ஹைட்ரஜனும் 8 கிராம் ஆக்சிஜனும் கிடைக்கும். இது எடை விகிதம். அணுக்களின் விகிதம் என்ன? இங்கிலாந்தின் ஜான் டால்ட்டன், எளிமையாக இருக்கட்டுமே என்று ஒன்றுக்கு ஒன்று என வைத்துக்கொண்டார். அப்படியானால் ஆக்சிஜன் அணு ஹைட்ரஜனைப் போல 8 மடங்கு கனம். இரண்டுக்கு ஒன்று என்றால் 16 மடங்கு. தராசு இரண்டுக்குமே தலையாட்டும்!

விடை வாயுக்களின் கன அளவில் இருந்தது. 2 லிட்டர் ஹைட்ரஜனும் 1 லிட்டர் ஆக்சிஜனும் சேர்ந்தால் 2 லிட்டர் நீராவி வரும். வாயுக்கள் இப்படி முழு எண் விகிதத்தில்தான் சேர்கின்றன என்று பிரான்சின் கே-லூசாக் 1808-இல் காட்டியிருந்தார். 1811-இல் அவகாட்ரோ அதற்கு விளக்கம் தந்தார். ஒரே வெப்பநிலை, ஒரே அழுத்தத்தில் சம கன அளவுள்ள வாயுக்களில் சம எண்ணிக்கை மூலக்கூறுகள் இருக்கும். அப்படியானால் 1 லிட்டர் ஆக்சிஜன் 2 லிட்டர் நீராவிக்குப் பங்காகிறது என்றால், ஆக்சிஜன் மூலக்கூறு இரண்டாகப் பிரிந்தே ஆக வேண்டும். அதாவது அதில் இரண்டு அணுக்கள். தண்ணீர் எச்-ஓ அல்ல, எச்-டூ-ஓ.

ஒரே வகை அணுக்கள் ஒன்றோடொன்று சேருமா என்று பெரியவர்கள் ஒதுக்கிவிட்டார்கள். 1820-இல் டூரின் பல்கலைக்கழகத்தில் பேராசிரியர் ஆனார். 1821-இல் எழுந்த அரசியல் கொந்தளிப்பைத் தொடர்ந்து அந்தப் பதவியும் பறிபோனது. 1834-இல்தான் திரும்பக் கிடைத்தது. மனிதர் சத்தம் போடவில்லை, வேலையைப் பார்த்தார். 1856 ஜூலை 9 அன்று காலமானார்.

நான்கே ஆண்டுகள் கழித்து, 1860 செப்டம்பரில், ஜெர்மனியின் கார்ல்ஸ்ரூ நகரில் வேதியியலாளர்கள் கூடினார்கள். அங்கே இத்தாலியரான கனிஸாரோ அவகாட்ரோவின் கருத்துக்காக வாதாடினார். அவருடைய சிறு நூலும் வந்தவர்களுக்கு வழங்கப்பட்டது. வந்திருந்த மெண்டலீவ் 1869-இல் தனிம அட்டவணை போட்டதற்கு, அங்கே தெளிவான அணு எடைகள்தான் அடித்தளம்.

வேடிக்கை என்னவென்றால், அவகாட்ரோ எண் எவ்வளவு என்று அவகாட்ரோவுக்கே தெரியாது. அதற்கு அவர் பெயரை வைத்தவர் பிரான்சின் ஜான் பெரின், 1909-இல். 2019 மே 20 முதல் அது 6.02214076 × 10²³ என்று நிலையாக வரையறுக்கப்பட்டிருக்கிறது.

தம்பி தங்கைகளே, இது பரீட்சையோடு முடிகிற விஷயம் இல்லை. மீத்தேன் எரிய, கன அளவில் ஒன்றுக்கு இரண்டு பங்கு ஆக்சிஜன் வேண்டும். எடையிலோ ஒன்றுக்கு நான்கு. பர்னர் முன்னால் நிற்கும் இன்ஜினியர் இரண்டையும் குழப்பிக் காற்றைக் குறைத்தால், வருவது கார்பன் மோனாக்சைடு விஷம். எந்த விகிதம், எதை எண்ணுகிறோம் என்று முதலில் கேளுங்கள். ஐந்து மார்க்கைத் தொலைத்த அண்ணன் சொல்கிறேன்.